மூன்றாவது வரி

எல் கில்லாய், சிலி
7 மே 2023

அன்புள்ள எதெல்மிரா அக்காவுக்கு,

இது உன் தம்பி எவாரிஸ்தோ எழுதுவது. யாரோ எழுதித் தந்தது இல்லை. நானே, என் கையால், பேனா பிடித்து எழுதுகிறேன். எழுபத்து மூன்று வயதில் எழுதப் படிக்கக் கற்றுவிட்டேன். உனக்குக் காது மந்தமான பிறகு போனில் நாம் கத்திக்கொண்டது போதும். இனிமேல் நீ ‘கேட்கவில்லை’ என்று தப்பிக்க முடியாது.

போன குளிர்காலத்திலிருந்து தேவாலயக் கூடத்தில் எங்களைப் போன்ற கிழங்களுக்கு வகுப்பு நடக்கிறது. யஸ்னா டீச்சர் நடத்துகிறார். முன்பெல்லாம் பஸ் வந்தால் எங்கே போகிறது என்று டிரைவரைக் கேட்பேன். இப்போது பலகையைப் படித்துவிட்டுக் கேட்கிறேன், அவன் ஒழுங்காகப் பதில் சொல்கிறானா என்று பார்க்க. மருந்துக் கடைக் கண்ணாடியில் ‘நாய்களுக்கு அனுமதி இல்லை’ என்று எழுதியிருக்கிறது. பத்து வருடமாக என் நாயோடு உள்ளே போய் வந்திருக்கிறேன். ஒருவரும் ஒரு வார்த்தை சொன்னதில்லை.

சதுக்கத்துக் கல்லை மட்டும் படிக்காமல் வைத்திருந்தேன். எழுத்துக் கூட்டாமல் சரளமாகப் படிக்க வந்த பிறகுதான் அதைப் படிப்பது என்று ஒரு வைராக்கியம். போன வாரம் டீச்சர் எங்களைச் சதுக்கத்துக்கு அழைத்துப்போய், கண்ணில் படுவதையெல்லாம் படியுங்கள் என்றார். நான் நேரே கல்லிடம் போய்த் தொப்பியைக் கழற்றினேன்.

“இது எனக்குப் படிக்காமலே தெரியும் டீச்சர். மிலிட்டரிக்காரன் ஆட்சியப் புடிச்சப்ப செத்துப்போனவங்க பேரு. மூணாவது வரி எங்கண்ணன். ரெமிஹியோ ரெத்தாமல்.”

டீச்சரின் முகம் மாறிவிட்டது. “ஐயா, இன்னொரு நாள் படிக்கலாமே. குளிருது பாருங்க.”

“எனக்குக் குளிரல,” என்றேன்.

படித்தேன். மூன்றாவது வரியில் ரெமிஹியோ இல்லை. லதிஸ்லாவோ அரியேத்தா என்று இருந்தது. தப்பாகப் படித்துவிட்டேன் என்று நினைத்து விரலை வைத்து மறுபடியும் படித்தேன். அரியேத்தாதான். பண்ணை முதலாளி அரியேத்தா. பின்னால் வகுப்புக்காரி ஒருத்தி, “ஐயோ, இவருக்குத் தெரியாதா?” என்றாள். மேலே உள்ளதையும் படித்தேன். ‘1973 செப்டம்பர் 11. நம் நிலங்களை நமக்கு மீட்டுத் தந்த படைவீரர்களுக்கு, எல் கில்லாயின் நன்றியுள்ள குடும்பங்கள்.’ அதற்குக் கீழே கல்லுக்குப் பணம் கொடுத்த முதலாளிகளின் பெயர்கள்.

செப்டம்பர் பதினொன்று வந்தால் அம்மா தன் விரல் நுனியை முத்தமிட்டு அந்த மூன்றாவது வரியில் வைப்பாள். சாகும்வரை வைத்தாள். அவள் போன பிறகு நான் வைத்தேன். சிவப்புக் கார்னேஷன் பூவும் வைத்தேன். அண்ணனை ஏற்றிப்போனது அரியேத்தா பண்ணை லாரி என்று ஊரே குசுகுசுத்தது. அந்த அரியேத்தாவின் பெயரைத்தான் நாங்கள் இத்தனை வருடமும் தடவிக்கொடுத்திருக்கிறோம்.

1976இல் நீ ஸ்வீடனுக்குக் கிளம்புவதற்கு முந்தின வாரம், அந்த வரியை அம்மாவுக்குப் படித்துக் காட்டியது நீ. நான் பக்கத்தில் நின்றேன். உன் விரல் அதன்மேல் இருந்தது. வீட்டில் பள்ளிக்கூடம் போனது நீ ஒருத்திதான். நீ சொன்னால் அது எழுத்து.

ஏன் அக்கா?

எவாரிஸ்தோ


கோத்தென்பர்க், ஸ்வீடன்
30 மே 2023

எவாரிஸ்தோ,

உறையைப் பார்த்ததும் யாரோ பள்ளிப் பிள்ளையின் கையெழுத்து என்று நினைத்தேன். நீ என்று தெரிந்ததும் சமையலறையில் நின்றபடியே அழுதேன். முதல் பக்கத்துக்கு மட்டும்.

ஏன் என்று கேட்கிறாய். கேட்பது சுலபம். அண்ணனைக் கொண்டுபோன பிறகு அந்த இரண்டரை வருடமும் நீ மலையில் ஆடுகளோடு இருந்தாய். பனி இறங்கினால்தான் நீயும் இறங்குவாய். அம்மாவோடு இருந்தவள் நான். திங்கட்கிழமை தோறும் அண்ணனின் சட்டையைத் துவைத்து மடித்து எடுத்துக்கொண்டு ராணுவ முகாம் வாசலுக்குப் போவாள். இங்கே இல்லை, தல்கா நகரத்து முகாமுக்குப் போ என்பார்கள். தல்காவுக்குப் போவாள். அங்கே இல்லை, இங்கே கேள் என்பார்கள். ஒரு நாள் வாசலில் நின்ற சிப்பாய்ப் பயல், “உம் புள்ள ஆத்துல குளிச்சிட்டிருக்கான், போய்ப் பாரு கெழவி” என்று சொல்லிச் சிரித்தான். அம்மா ஆற்றுக்குப் போனாள். இடுப்பளவுத் தண்ணீரில் நின்றுகொண்டு பேர் சொல்லிக் கூப்பிட்டவளை நானும் பக்கத்து வீட்டு உபெர்லிந்தாவும் இழுத்து வந்தோம். இதெல்லாம் உனக்குத் தெரியாது. உனக்கு யாரும் சொல்லவில்லை, ஏனென்றால் நீ கேட்கவில்லை.

அப்போதுதான் அந்தக் கல்லைப் பேண்டு வாத்தியத்தோடு திறந்தார்கள். அண்ணனின் தங்கை என்பதால் எனக்கு நாட்டை விட்டுப் போகச் சொல்லி உத்தரவு வந்துவிட்டது. மறுத்தால் சிறை. அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு கல்லின் முன்னால் நின்றாள்.

“எதெல், அதுல நம்ம பையன் பேரு இருக்காடி?”

“இருக்கும்மா.”

“எங்க?”

விரலை வைத்தேன். எங்கே வைக்கிறேன் என்று பார்த்து வைக்கவில்லை. கண்ணில் தண்ணீர். அது மூன்றாவது வரியில் விழுந்தது. அன்று அம்மா வீட்டுக்கு வந்து படுத்துத் தூங்கினாள். அண்ணனைக் கொண்டுபோன நாளிலிருந்து அவள் அப்படித் தூங்கி நான் பார்த்ததில்லை.

நான் மன்னிப்புக் கேட்கமாட்டேன். அந்த நாள் திரும்பி வந்தால் மறுபடியும் அதையேதான் செய்வேன். கொஞ்சம் பார்த்து வேறு வரியில் வைப்பேன், அவ்வளவுதான். உனக்கு எழுத்துத் தெரியாது, சரி. வாயும் இல்லையா? ஐம்பது வருடத்தில் வழியில் போகிற ஒருவனை நிறுத்தி, இதில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்க உனக்குத் தோன்றவில்லையே!

அந்தக் கல் கிடக்கட்டும், அது அவர்களுடையது. ராணுவம் போன பிறகு அரசு விசாரணைக் குழு வந்ததே, அதில் அண்ணன் பெயரைக் கொடுத்தீர்கள்தானே? நான் போனில் கேட்டபோது, எல்லாம் ஆயிற்று என்று அம்மா சொன்னாள். சாந்தியாகோ கல்லறையில் பெரிய சுவரில் எல்லாப் பெயரும் வெட்டியிருக்கிறார்கள். அங்கே போய் உன் பூவை வை. ஆத்திரம் தீர்ந்தால் கால்பந்து முடிவுகளைப் படி. படிக்கக் கற்றது என்னைக் குத்திக் கிழிக்க மட்டும் இல்லை.

எதெல்மிரா


எல் கில்லாய்
25 ஜூன் 2023

அக்கா,

கொடுக்கவில்லை.

விசாரணைக் குழுவிலிருந்து ஒரு பெண் டேப் ரிக்கார்டரோடு வீடு தேடி வந்தாள். நான் வீட்டில்தான் இருந்தேன். அம்மா அவளை உட்காரவைத்து ரொட்டியும் தேநீரும் கொடுத்தாள். கொடுத்துவிட்டுச் சொன்னாள்: “எங்க பையன் பேரு ஏற்கெனவே கல்லுல இருக்குதும்மா. கவர்மெண்டே வெட்டிவெச்சிருக்கு. பேரு இல்லாதவங்க வீட்டுக்கு மொதல்ல போங்க, பாவம்.” அந்தப் பெண் வேறு ஊர்க்காரி. ஏதோ நினைவுக்கல் வைத்திருக்கிறார்கள் போலிருக்கிறது என்று எண்ணி எழுந்து போய்விட்டாள். நான் வாசல் வரை போய் வழி காட்டினேன்.

சாந்தியாகோ சுவரில் இல்லை. எந்தப் பட்டியலிலும் இல்லை. இது எனக்கு எப்படித் தெரியும் என்று கேள்.

உன் கடிதம் வந்த மறுநாள், கல்லை எடுக்கச் சொல்லி மேயரிடம் போனேன். மேயர் யார் தெரியுமா? கொன்சாலோ அரியேத்தா. கிழ முதலாளியின் பேரன். முதலாளி மகன் மத்தியாஸின் பிள்ளை. நல்ல பையன் மாதிரி சிரிப்பான், எல்லோரிடமும் கை கொடுப்பான்.

“உக்காருங்க ஐயா. காப்பி சொல்லட்டுமா?”

“கல்ல எடுங்க.”

“எந்தக் கல்லு?”

“சதுக்கத்துல இருக்கிற உங்க தாத்தா கல்லு.”

அவன் சிரித்தான். “நானே உங்களப் பாக்க வரணும்னு இருந்தேன் ஐயா. செப்டம்பரோட அம்பது வருஷம் ஆகுது. கல்லுக்குப் பக்கத்துல புதுசா பித்தளைத் தகடு ஒண்ணு வெக்கிறோம். ரெண்டு பக்கத்துக்கும் பொதுவா. ‘வலிகளை மறப்போம்’னு வாசகம். நீங்கதான் திரைய வெலக்கணும். இங்க பாருங்க.”

சுவரில் சட்டம் போட்ட படம் மாட்டியிருந்தது. கல்லின் முன்னால் நான். கையில் கார்னேஷன். தொப்பி கக்கத்தில்.

“இத எங்க தாத்தா எடுத்தாரு. சாகற வரைக்கும் வர்றவங்க போறவங்ககிட்டெல்லாம் காட்டுவாரு. ‘பாருங்கய்யா, ரெத்தாமல் குடும்பமே நம்மள மன்னிச்சிருச்சு, சாந்தியாகோலேருந்து விசாரிக்க வர்றவனுக்கு என்ன கொள்ளை’ம்பாரு.”

“எனக்குப் படிக்கத் தெரியாது அப்ப.”

“அம்பது வருஷமாவா?”

இதைச் சொல்லிவிட்டு அவன் சிரித்த சிரிப்பு இருக்கிறதே, அதை எழுத எனக்கு இன்னும் எழுத்துப் போதாது. எங்கண்ணனைக் கொன்றீர்கள் என்றேன். உடனே குரலைத் தாழ்த்தினான். “ஐயா, பட்டியல் எல்லாத்துலயும் தேடிப் பாத்துட்டேன். ரெமிஹியோ ரெத்தாமல்னு ஒரு பேரே இல்ல. யாரும் புகார் குடுக்கல. அவரு ஒரு பொம்பளையோட அர்ஜென்டினா பக்கம் போயிட்டாருன்னு பெரியவங்க சொல்லிக் கேட்டிருக்கேன். இருக்கலாமில்ல?”

கேட்டாயா அக்கா? பண்ணையை வேலையாட்களுக்குப் பிரித்துக் கொடுத்தபோது கமிட்டித் தலைவனாக நின்றவன், ஒரு பொம்பளையோடு ஓடிப்போனவன் ஆகிவிட்டான். நிலம் அவர்களிடம் திரும்பிப் போய்விட்டது. பெயரும் போய்விட்டது. அம்மா தூங்கினாள் என்று எழுதியிருக்கிறாய். ஆமாம், தூங்கினாள். நாங்கள் எல்லோரும் தூங்கினோம். நீ ஒரு கல்லைக் காட்டினாய், நாங்கள் தேடுவதை நிறுத்திவிட்டோம்.

அன்று வீட்டில் இருந்தவள் நீ ஒருத்திதான். அம்மா அத்தை வீட்டில், நான் மலையில். யார் வந்தார்கள், லாரியை யார் ஓட்டினார்கள், எந்தப் பக்கம் போனார்கள் என்று எழுது. நீதிபதியிடம் கொடுக்கிறேன். உன்னிடம் நான் கேட்பது மன்னிப்பு இல்லை.

எவாரிஸ்தோ


கோத்தென்பர்க்
16 ஜூலை 2023

எவாரிஸ்தோ,

அம்மா அந்தப் பெண்ணைத் திருப்பி அனுப்பியதை நீ எழுதியிருந்த இடத்தைக் கையால் மறைத்துக்கொண்டுதான் மீதிக் கடிதத்தைப் படித்து முடித்தேன். இதற்குமேல் அதைப் பற்றி எழுத மாட்டேன்.

என்னால் முடியாது. என்ன காரணம் என்று சொல்கிறேன், பிறகு திட்டு.

இங்கே வந்த புதிதில் வாரம் ஒரு கூட்டம். சிலிக்கு ஆதரவுக் கூட்டம். ஒரு பக்கம் நம் ஊர் எம்பனாதா பலகாரம் விற்பார்கள், ஒரு பக்கம் கிட்டார். நடுவில் என்னை ஏற்றி, உங்கள் அண்ணனைப் பற்றிச் சொல்லுங்கள் என்பார்கள். சொல்வேன். ஸ்வீடிஷ் பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு கை தட்டுவார்கள். போகப்போக எந்த இடத்தில் நிறுத்தினால் எல்லோரும் அழுவார்கள் என்று எனக்கே தெரிந்துவிட்டது. ஒரு நாள் அந்த இடத்தில் சரியாக நிறுத்தினேன். அழுதார்கள். கீழே இறங்கி வந்து வாந்தி எடுத்தேன். அன்றோடு விட்டேன்.

அந்தக் கூட்டங்களில் நான் சிப்பாய்கள் என்றுதான் சொன்னேன். சிப்பாய்கள் வந்தார்கள், சிப்பாய்கள் கொண்டுபோனார்கள். ஓட்டியவனைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னதில்லை. ஏன் தெரியுமா? நீயும் அம்மாவும் அரியேத்தாவின் கூரைக்கு அடியில் படுத்திருந்தீர்கள். அவன் கொடுத்த மாவில் ரொட்டி சுட்டுத் தின்றீர்கள். கோத்தென்பர்க்கில் நான் ஒரு பெயரைச் சொன்னால் எல் கில்லாயில் உங்கள் அடுப்பு அணையும். அதனால் விழுங்கினேன். விழுங்கி விழுங்கி அது என் வயிற்றிலேயே தங்கிவிட்டது. நீ இப்போது வந்து, துப்பு என்கிறாய்.

இன்னொன்று. நான் சாட்சி சொன்னால் இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்று கேட்பார்கள். கல்லின் கதை வெளியே வரும். மேயர் உன்னைப் பார்த்துச் சிரித்தான் என்று எழுதினாயே, நாளைக்கு அம்மாவைப் பார்த்துச் சிரிப்பான். பிள்ளையைக் கொன்றவனின் பெயரை முத்தமிட்ட கிழவி என்று பேப்பரில் போடுவார்கள். செத்தவளைக் கொண்டுவந்து சதுக்கத்தில் நிறுத்தாதே. உன் மானத்துக்காக அவளை விற்காதே.

எதெல்மிரா


எல் கில்லாய்
6 ஆகஸ்ட் 2023

அக்கா,

எங்கள் அடுப்பைக் காப்பாற்றியதற்கு நன்றி. அந்த அடுப்பை விட்டு நான் வெளியே வந்து பதினேழு வருடம் ஆகிறது. அரசு கட்டிக்கொடுத்த வீட்டில், என் பெயரில் இருக்கிற கூரைக்கு அடியில் இருக்கிறேன். அம்மா மண்ணுக்குள் இருக்கிறாள். நீ இன்னும் யாரைக் காப்பாற்றுகிறாய்? எனக்குத் தெரிந்து மிச்சம் இருப்பது லாரி ஓட்டியவன் மட்டும்தான்.

உபெர்லிந்தாவிடம் போனேன். கண் புரை விழுந்துவிட்டது, வாய் அப்படியே இருக்கிறது. “கல்லுல என்ன எழுதியிருக்குன்னு ஊருல எல்லாருக்கும் தெரியும், எனக்கு ஏன் ஒருத்தரும் சொல்லல?” என்று சண்டை போட்டேன். அவள் மாத்தே தேநீர் உறிஞ்சுவதை நிறுத்திவிட்டு என்னையே பார்த்தாள்.

“அடப்பாவி. ஒனக்குத் தெரியும்னுல்ல நெனச்சோம்!”

“தெரிஞ்சுகிட்டா பூ வெப்பேன்?”

“அதான்டா வெக்கிறீங்கன்னு நெனச்சோம். வேணும்னே. அவனுங்க மொகத்துல அடிக்கிற மாதிரி. ‘டேய், ஓம் பேரு எனக்குத் தெரியும்டா, நீ செஞ்சது மறக்கலடா’ன்னு. ஒங்கம்மா வெரல அந்தப் பேருல வெப்பாளே, எங்களுக்கெல்லாம் ஒடம்பு சிலுத்துக்கும். பொம்பளைங்க நாங்க சன்னல் துணிய வெலக்கிப் பாப்போம். எவளுக்கும் அந்தத் தைரியம் இல்ல. அவளப் பாத்துதான் அவனுங்க கொண்டுபோன எம் புருஷன் படத்த ஒளிச்ச எடத்துலேருந்து எடுத்துச் சுவத்துல திரும்ப மாட்டினேன்.”

முதலாளி அதை மன்னிப்பு என்று நினைத்தான். கூலிக்காரர்கள் அதைச் சவால் என்று நினைத்தார்கள். அம்மா அதைக் கல்லறை என்று நினைத்தாள். ஒரே பூ. ஒருவரும் ஒருவரையும் கேட்கவில்லை, வாயைத் திறந்தால் என்ன ஆகும் என்று எல்லோருக்கும் தெரியும். ராணுவம் போய் முப்பது வருடத்துக்கு மேல் ஆகிறது, இன்னும் யாரும் கேட்கவில்லை. என்னை வாய் இல்லையா என்று கேட்டாய். இந்த ஊரில் யாருக்கு இருந்தது? உனக்கு இருந்ததா, அவ்வளவு தூரத்தில், அவ்வளவு பத்திரமாக?

அம்மாவைப் பற்றிப் பயப்படாதே. யார் கேட்டாலும், கல்லை நான்தான் தப்பாக நினைத்துக்கொண்டேன், யாரும் எனக்குச் சொல்லவில்லை, அம்மாவுக்கும் நான்தான் சொன்னேன் என்று சொல்லிவிடுகிறேன். முட்டாள் கிழவன் என்று என்னைப் பார்த்துச் சிரிக்கட்டும். எனக்குப் பழக்கம்தான்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். திரையை விலக்கச் சம்மதம் என்று மேயரிடம் சொல்லிவிட்டேன். அவனுக்கு ஒரே சந்தோஷம். இரண்டு வார்த்தை பேசவும் வேண்டும் என்றான். மைக் கொடுப்பார்கள். அன்று உன் சாட்சி என் கையில் இருந்தால் படிப்பேன். இல்லாவிட்டால் திரையை இழுத்துவிட்டு, அவன் அப்பனோடு கை குலுக்கிவிட்டு, வீட்டுக்கு வந்து படுத்துக்கொள்வேன். அண்ணன் அர்ஜென்டினாவில் அந்தப் பொம்பளையோடு சுகமாக இருக்கட்டும்.

எவாரிஸ்தோ


கோத்தென்பர்க்
20 ஆகஸ்ட் 2023

எவாரிஸ்தோ,

முந்தாநாள் ஸ்டாக்ஹோமில் நம் தூதரகத்துக்குப் போய்ச் சொல்லிவிட்டு வந்தேன். அந்த அதிகாரிக்கு முப்பது வயதுகூட இருக்காது. என் காதுக்காகத் தன் கேள்விகளைப் பெரிய எழுத்தில் எழுதிக் காட்டினான். நான் எந்த இடத்திலும் நிறுத்தவில்லை. அவனும் அழவில்லை. சாந்தியாகோ நீதிமன்றத்துக்கு அனுப்புவதாகச் சொன்னான். உனக்கும் அதையே எழுதுகிறேன்.

அக்டோபர் முதல் வாரம், வியாழக்கிழமை காலை. ரெமிஹியோ முற்றத்துக் குழாயடியில் சவரம் செய்துகொண்டிருந்தான். பாதி முகத்தில் நுரை. நான் ரொட்டியை அடுப்பில் வைத்துவிட்டு நிமிர்ந்தேன். பண்ணையின் பச்சை லாரி வாசலில் நின்றது. பின்பக்கத்திலிருந்து ராணுவ உடையில் இருவர் குதித்தார்கள். அவர்களை எனக்குத் தெரியாது. ஓட்டும் இடத்தில் இருந்தவனைத் தெரியும். மத்தியாஸ் அரியேத்தா. முதலாளியின் மகன். இருபத்து நாலு வயது. நம் அண்ணனோடு ஞாயிற்றுக்கிழமை பந்து விளையாடியவன். எஞ்சினை அணைக்கவில்லை. தலையைத் திருப்பவில்லை.

“மொகத்தக் கழுவிக்கிட்டு வரேன்” என்றான் அண்ணன். விடவில்லை. என்னைப் பார்த்து, “ரொட்டியப் பாத்துக்க, தீஞ்சிரப்போவுது” என்றான். லாரியில் ஏற்றினார்கள். நான் பின்னாலேயே முச்சந்தி வரை ஓடினேன். முகாமுக்குப் போக இடது பக்கம் திரும்ப வேண்டும். மத்தியாஸ் வலது பக்கம் திருப்பினான். அந்த வழியில் செங்கல் மண் எடுத்த பள்ளங்களைத் தவிர வேறு எதுவும் இல்லை. வெடிச் சத்தம் கேட்டது. நான் வீட்டுக்குத் திரும்பி நடந்தேன். லாரி என்னைத் தாண்டிப் போனது. சிப்பாய்கள் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள், பின்பக்கம் காலி. வீட்டுக்குள் வந்தபோது ரொட்டி இன்னும் வேகவில்லை.

அவ்வளவு கிட்டத்தில் எவாரிஸ்தோ. அம்மா முகாமுக்கும் தல்காவுக்கும் ஆற்றுக்கும் நடந்தாள். நான் அவளிடம் சொல்லவில்லை. சொன்னால் பள்ளத்துக்குப் போய்க் கையால் தோண்டுவாள், அவளையும் அங்கேயே வைத்துவிடுவார்கள் என்று தெரியும். அதனால்தான் கல்லைக் காட்டினேன். இன்னும் மன்னிப்புக் கேட்கவில்லை. ஆனால் அந்த டேப் ரிக்கார்டர் பெண் தினமும் என் வீட்டு வாசலுக்கு வருகிறாள்.

அம்மா விஷயத்தில் நீ பொய் சொல்லப்போவதாக எழுதியிருக்கிறாய். சொல். குடும்பத்தில் அது ஒருத்தியின் தலையிலேயே இருக்க வேண்டாம்.

மெதுவாகத்தான் படிப்பாய் என்று தெரியும். மெதுவாகவே படி. யாரையும் உதவிக்கு விடாதே.

எதெல்மிரா


எல் கில்லாய்
13 செப்டம்பர் 2023

அக்கா,

உன் கடிதம் விழாவுக்கு மூன்று நாள் முன்னால் வந்தது. டீச்சரிடம்கூடக் காட்டவில்லை. சொல் சொல்லாகப் படித்துப் பழகினேன். நுரை என்ற சொல் வந்தால் குரல் உடைந்தது. அதை மட்டும் நாய்க்குத் திரும்பத் திரும்பப் படித்துக் காட்டினேன்.

முந்தாநாள் சதுக்கம் நிறைந்திருந்தது. பேண்டு, கொடி, பாதிரியார். முன் வரிசையில் மடியில் கம்பளி போர்த்திக்கொண்டு மத்தியாஸ் கிழவன் இருந்தான். என்னைப் பார்த்துத் தலையசைத்தான். மேயர் சமாதானத்தைப் பற்றி வெகுநேரம் பேசினான். பிறகு என் முதுகில் கை வைத்து மைக்கைக் கொடுத்தான்.

நான் திரையைத் தொடவில்லை. முதலில் பழைய கல்லைப் படித்தேன். மேலே உள்ளதையும் பெயர்களையும் ஒன்றுவிடாமல். “இதுல எங்கண்ணன் பேரு இருக்குன்னு நெனச்சு இத்தன வருஷம் பூ வெச்சேன். எனக்குப் படிக்கத் தெரியாது. நானா அப்பிடி நெனச்சுக்கிட்டேன், எங்கம்மாவுக்கும் நாந்தான் சொன்னேன்,” என்றேன். சிலர் சிரித்தார்கள். “அந்தப் பூ இவங்களுக்கு இல்ல,” என்றேன். சிரிப்பு நின்றது.

பிறகு உன் கடிதத்தைப் பிரித்தேன். ‘அக்டோபர் முதல் வாரம்’ என்று ஆரம்பித்ததுமே மேயர் பக்கத்தில் வந்தான். “ஐயா, கஷ்டப்படுறீங்களே, குடுங்க, நான் படிக்கிறேன்.”

“வேணாம் தம்பி. இப்பத்தான் பழகுறேன்.”

மைக்கைப் பிடுங்க வந்தவனை உபெர்லிந்தா கைத்தடியால் மறித்தாள். “படிக்க விடுடா. ஓந் தாத்தன் கட்டின பள்ளிக்கூடத்துலயா படிச்சான், நீ புடுங்க?”

நான் மெதுவாகத்தான் படித்தேன். ‘ஓட்டும் இடத்தில் இருந்தவனை’ என்று படித்து, அடுத்த வரியைத் தேடி எடுத்து, ‘மத்தியாஸ்’ என்பதற்குள்ளாகவே முன் வரிசையில் கம்பளி கீழே விழுந்தது. கிழவன் எழுந்து நின்றிருந்தான்.

“நான் லாரி மட்டுந்தான் ஓட்டினேன்!”

“அப்பா, உக்காருங்க,” என்றான் மேயர்.

“நான் எறங்கவே இல்லடா! எறக்கினது அவனுங்க. நான் சீட்ட விட்டு எறங்கல, திரும்பிக்கூடப் பாக்கல. லாரி ஓட்டச் சொன்னாரு எங்கப்பா, ஓட்டினேன்!”

மைக் அவன் முகத்துக்கு நேராக என் கையில் இருந்தது. அவன் குரல் ஒலிபெருக்கியில் ஊர்க்கோடி வரை போனது.

“எங்க எறக்கினாங்க? அதச் சொல்லு,” என்றாள் உபெர்லிந்தா. அவன் உட்கார்ந்துவிட்டான். சொல்ல வேண்டியதே இல்லை, மீதி என் கையில் இருந்தது. முச்சந்தி, வலது பக்கம், பள்ளம், ரொட்டி, எல்லாவற்றையும் படித்து முடித்தேன். யாரும் கை தட்டவில்லை. யாரும் வீட்டுக்கும் போகவில்லை. அந்தப் பள்ளங்களை மூடித்தான் மேயர் புளூபெர்ரித் தோட்டம் போட்டிருக்கிறான், அது எல்லோருக்கும் தெரியும். எல்லோரும் அந்தப் பக்கமாகத் திரும்பி நின்றார்கள்.

கல் இன்னும் சதுக்கத்தில்தான் இருக்கிறது. திரை விலகாத தகடும் பக்கத்தில் இருக்கிறது. இந்த வருடம் நான் பூ வைக்கவில்லை. இன்று காலை நீதிமன்றத்திலிருந்து ஒருவர் வந்து தேவாலயக் கூடத்தில் மேசை போட்டு உட்கார்ந்தார். மத்தியாஸ் சொன்னதைக் காதால் கேட்டவர்கள் யார் யார், வந்து சொல்லலாம் என்று அறிவித்தார். ஐம்பது வருடமாக ஒன்றும் பார்க்கவில்லை, ஒன்றும் கேட்கவில்லை என்று சொல்லிவந்த ஊர் அக்கா இது. நான் போனபோது வரிசை ரொட்டிக் கடையைத் தாண்டி நின்றது.

உன்மேல் கோபம் தீராத,
எவாரிஸ்தோ